மூன்று வினாடி ஒதில்

பிரெஞ்சுத் திரைக்கலை மாமன்றத்தின் வாசலில் வண்டி நிறுத்த இடமே கிடைப்பதில்லை என்று பாரிஸில் எல்லாரும் புலம்புவார்கள். நம்பாதீர்கள். இடம் இருக்கிறது. அதைப் பிடித்து வைத்துக்கொண்டு நிற்கிறவன் நான்தான்.

என் பிழைப்பே அது. படப்பிடிப்பு லாரிகள் வருவதற்கு முன்னாலேயே தெருவுக்குப் போய், ஒரு கார் கிளம்பினால் அந்த இடத்தில் ஓர் ஆரஞ்சுக் கூம்பை வைத்து, வருகிறவன் போகிறவனிடமெல்லாம் ஏச்சு வாங்கிக்கொண்டு காவல் இருக்க வேண்டும். முப்பத்தொரு வருடம். நீங்கள் பார்த்துக் கண் கலங்கிய பெரிய பெரிய காதல் காட்சிகளுக்கெல்லாம் அடுத்த தெருவில் நான் ஒரு பல் டாக்டரிடம் திட்டு வாங்கிக்கொண்டிருந்திருக்கிறேன். யூனிட்டில் எனக்குப் பெயரே கூம்பு. பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளச் சீட்டில் மட்டும் இருக்கிறது.

மாமன்றத்தில் ஏதாவது விழா என்றால் பெரிய மனிதர்களின் கார்களுக்கு இடம் பிடிக்க என்னைத்தான் கூப்பிடுவார்கள். அதனால் அந்தக் கட்டடத்தில் எனக்குச் செல்வாக்கு இருப்பதாக எங்கள் குடியிருப்பு முழுக்கப் பீற்றிக்கொண்டிருந்தேன். வாய்க்கொழுப்பு. அந்தப் பீற்றலை நம்பித்தான் மேல்மாடி அர்மான் ஒரு நாள் காலையில் என் கதவைத் தட்டினார்.

அர்மான் தெலோர்ம் லிப்ட் மெக்கானிக்காக இருந்து ஓய்வு பெற்றவர். உலகத்தில் எதுவும் ஒன்று ஓடும், இல்லாவிட்டால் நின்றிருக்கும், நின்றிருந்தால் திறந்து பார்க்க வேண்டும் என்று நம்புகிற மனிதர். அவர் மனைவி ஒதில் முப்பத்தெட்டு வருடம் சினிமாவில் காஸ்ட்யூமராக இருந்தவர். அறுபத்தொரு படம். நடிகையின் முதுகில் கொக்கி மாட்டுவது, மண்டியிட்டுப் பாவாடை விளிம்பில் குண்டூசி குத்துவது, வாயில் ஆறு குண்டூசியைக் கவ்விக்கொண்டே அழுகிற நடிகைக்கு ஆறுதல் சொல்வது, இதெல்லாம் அவர் வேலை. மழையில் நான் கூம்போடு கூம்பாக நிற்கும்போது, "டேய் கூம்பு, செத்துகித்துப் போயிடாதடா, அப்புறம் என் லாரிய எங்க நிறுத்துறது?" என்று சூடாகக் காப்பி கொண்டுவந்து கொடுத்த ஒரே ஆள். போன ஜூனில் அவர்தான் செத்துப்போனார். கணையத்தில் புற்று. கண்டுபிடித்து ஏழே வாரம்.

"டேய் கூம்பு, உனக்கு மாமன்றத்துல ஆள் தெரியும்ல?" என்றார் அர்மான்.

"தெரியும்ணே. என்ன விஷயம்?"

"ஒதில் பேரு வரணும்."

எங்கே என்று நான் கேட்கவில்லை. எனக்குத் தெரியும்.

அவர்கள் இரண்டு பேரும் ஒதில் வேலை செய்த ஒவ்வொரு படத்தையும் காசு கொடுத்துத் தியேட்டரில் பார்ப்பார்கள். படம் முடிந்து டைட்டில் ஓட ஆரம்பிக்கும். நடிகர்கள், சமையல்காரர்கள், குதிரைக்காரர், குதிரை என்று எல்லாம் போனபிறகு ஒதில் பெயர் வரும். அதற்குள் விளக்கைப் போட்டுவிடுவார்கள். சனம் மொத்தமும் எழுந்து கோட்டு மாட்டிக்கொண்டு நிற்கும். ஒருவன் கைகளுக்கு நடுவில், இன்னொருத்தியின் தொப்பிக்கு மேலே எட்டி எட்டித்தான் அர்மான் தன் பெண்டாட்டி பெயரைப் பார்த்திருக்கிறார். அறுபத்தொரு தடவை. ஆஸ்பத்திரியில் கடைசி வாரம் ஒதில் சொன்னாராம்: "ஒரே ஒரு தடவ, எல்லாரும் உக்காந்திருக்கும்போது என் பேரு வரணும் அர்மான். நீ கழுத்த நீட்டாம பாக்கணும்."

நாட்டில் அப்படி ஓர் இடம்தான் உண்டு. பிப்ரவரியில் மாமன்றத்தின் விருது விழா. அதில் அந்த வருடம் இறந்துபோன சினிமாக்காரர்களைத் திரையில் காட்டுவார்கள். 'விடைபெற்றோர்' என்று பெயர். தொலைக்காட்சியில் நேரலையாகப் போவதால் அந்த நேரத்தில் ஒருவரும் எழுந்திருக்கக் கூடாது. கதவைச் சாத்திவிடுவார்கள். மந்திரியே ஆனாலும் மூத்திரத்தை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும்.

அக்டோபரில் இரண்டு பேரும் போனோம். முப்பத்தொரு வருடத்தில் அந்தக் கட்டடத்துக்குள் நான் கால் வைத்தது அன்றுதான். நினைவுப் பிரிவு மூன்றாம் மாடியில் இருந்தது. லிப்ட் ஓடவில்லை. அர்மான் அதன் கதவில் காதை வைத்துக் கேட்டுவிட்டு, "அஞ்சு நிமிஷ வேல" என்றார். படியேறினோம்.

நினைவுப் பிரிவின் தலைவி மதாம் குர்னே எங்களைப் பார்த்ததும் எழுந்து நின்று நெஞ்சில் கை வைத்தார்.

"உங்க துக்கத்துல மாமன்றம் மனசாரப் பங்கெடுத்துக்குது. டோக்கன் எடுத்தீங்களா?"

எடுக்கவில்லை. வெளியே போய் எடுத்துக்கொண்டு வந்தோம். வேறு ஒருவரும் இல்லை. எங்கள் எண் ஒன்று. மதாம் குர்னே மணியடித்தார், நாங்கள் உள்ளே போனோம், அவர் மறுபடி எழுந்து நெஞ்சில் கை வைத்தார்.

"சாவுல எல்லாரும் சமம் மிஸ்யே தெலோர்ம். இது எங்க அடிப்படைக் கொள்கை. வினாடியிலதான் கொஞ்சம் வித்தியாசம்."

முதல் வகுப்பு இறந்தவர்கள், அதாவது நடிகர்களும் இயக்குநர்களும், ஆளுக்குப் பத்து வினாடி, ஒரு படத்துண்டு, கைதட்டல். இரண்டாம் வகுப்பு, ஒளிப்பதிவாளர், இசையமைப்பாளர் மாதிரி ஆட்கள், ஐந்து வினாடி, கைதட்டல் பார்வையாளர் விருப்பம். மூன்றாம் வகுப்பு, மற்றவர்கள். மூன்று வினாடி. கைதட்டினால் அடுத்த ஆளின் நேரம் போய்விடும் என்பதால் தட்ட வேண்டாம் என்று கேட்டுக்கொள்ளப்படும். மொத்தம் இருபத்துநாலு இடம்.

"மூணு வினாடி போதும் மதாம். அவ சின்ன உருவம்தான்" என்றார் அர்மான்.

மதாம் குர்னே கோப்பைத் திறந்தார். இறப்புச் சான்றிதழைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தார்.

"இது ஜூன் மாசம் வாங்கினது. சான்றிதழ் மூணு மாசத்துக்குள்ள எடுத்ததா இருக்கணும்."

"அவ ஜூன்லதானே செத்தா?"

"அப்ப செத்தாங்க, சரி. இப்ப என்ன நிலைமைன்னு எங்களுக்குத் தெரியணும்ல?"

அர்மான் என்னைப் பார்த்தார். நான் கூரையைப் பார்த்தேன். அங்கே குண்டுக் குண்டாகத் தேவதைகள் வரைந்திருந்தன. மறுநாளே நகராட்சியில் புதுச் சான்றிதழ் வாங்கினோம். நிலைமையில் மாற்றம் இல்லை.

அடுத்தது போட்டோ. விதி ஏழின்படி இறந்தவர் படப்பிடிப்புத் தளத்தில், தன் தொழிலைச் செய்துகொண்டிருக்கும்போது, முகம் தெரிய எடுத்த படமாக இருக்க வேண்டும். அடையாள அட்டைப் படம் செல்லாது. "அதுல கலை இல்ல" என்றார் மதாம் குர்னே.

இங்கேதான் வந்தது வினை. தளத்தில் வேலை செய்கிற எவனுக்கும் முதல் நாளே மண்டையில் ஏறுகிற பாடம் ஒன்று உண்டு. கேமரா உன் பக்கம் திரும்பினால் குனி. ஃபிரேமில் விழாதே. "குனி! குனி!" என்று யாராவது கத்திக்கொண்டே இருப்பான். முப்பத்தெட்டு வருடம் அதைக் கேட்டவருக்கு அது ரத்தத்தில் ஊறிவிடும். அன்று மாலை அர்மான் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் நாலு பெட்டிப் போட்டோவைக் கொட்டினோம். ஒதில் எதிலும் இல்லை. கல்யாணப் போட்டோவில் அர்மான் மட்டும் தனியாகச் சிரித்துக்கொண்டு நிற்கிறார், அவர் கால்சட்டையின் கீழ்மடிப்பைச் சரி செய்துகொண்டு ஒரு வெள்ளை முதுகு. மகளின் ஞானஸ்நானத்தில் ஒரு முழங்கை. பிரித்தானிக் கடற்கரையில் பதினோரு பேர் வரிசையாக நிற்கிறார்கள், ஓரத்தில் மணலில் ஒரு நிழல் ஓடுகிறது.

"கல்யாணப் படத்தத் தவிர எல்லாம் நானே எடுத்ததுடா. கேமராவத் தூக்கினாலே காணாமப் போயிடுவா. நாப்பது வருஷம் கூட இருந்திருக்கேன், ஒரு படத்துல பிடிக்க முடியலயே அவள" என்றார் அர்மான். ஒவ்வொரு போட்டோவாகத் திருப்பிப் பின்பக்கத்தையும் பார்த்தார். பின்பக்கத்தில் எங்கே இருப்பார்? நான் எழுந்து போய் ஒயின் புட்டியைத் திறந்தேன்.

மூன்று வாரம் அலைந்தேன். கடைசியில் ஒரு பழைய ஸ்டில் போட்டோகிராபரின் இழுப்பறையில், வேண்டாமென்று ஒதுக்கிய படங்களுக்கு நடுவில், கிடைத்தது. இருபத்தைந்து வருடத்துக்கு முந்தைய படப்பிடிப்பு. தியெப் கடற்கரை, நல்ல காற்று. நட்சத்திர நடிகை கிளாரிஸ் வல்ரோய் மணப்பெண் கோலத்தில் நிற்கிறார். அவருடைய நீள முக்காடு காற்றில் பறந்துவிட்டது. அதைப் பிடிக்கப் பின்னால் மண்டியிட்டிருக்கும் ஒதில், முகம் முழுக்கத் தெரிய, வாயில் குண்டூசியோடு சிரிக்கிறார். குனிய மறந்த ஒரே தருணம்.

அர்மான் அதைக் கையில் வாங்கி ஜன்னல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோனார். பிறகு, "இந்தச் சிரிப்பு எனக்குத் தெரியும். வயித்த வலிக்குதுன்னு சொல்லுவா இதுக்கப்புறம்" என்றார்.

மதாம் குர்னே படத்தைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தார்.

"அருமை. காத்து, கடலு, உணர்ச்சி எல்லாம் இருக்கு. கூட்டந்தான் ஜாஸ்தி."

"ரெண்டே பேருதானே மதாம்?" என்றேன்.

"அதான் சொல்றேன். ஒருத்தர் கூடுதல். கவலப்படாதீங்க, எங்க படப்பிரிவு சரி பண்ணிடும். யாரு முக்கியம்னு அவங்களுக்குத் தெரியும்."

அர்மான் நன்றி சொன்னார். கை கொடுத்தார். படியிறங்கும்போது லிப்டை இன்னொரு தடவை தடவிப் பார்த்துவிட்டு வந்தார்.

டிசம்பர் கடைசியில் கடிதம் வந்தது. விடைபெற்றோர் பட்டியலில் ஒதில் தெலோர்ம் இருபத்துநாலாவது, அதாவது கடைசி இடத்தில் தற்காலிகமாகச் சேர்க்கப்பட்டிருக்கிறார். தற்காலிகமாக என்றால் என்ன என்று போன் போட்டேன்.

"விழாவுக்கு முன்னால யாராவது முதல் வகுப்பு இறந்துட்டா, கடைசியில இருக்கிறவங்க இறங்கணும்" என்றார் மதாம் குர்னே. "இந்த வருஷம் எங்களுக்கு நல்ல விளைச்சல். ஆனா குளிர் இன்னும் முடியலயே."

அந்த ஜனவரியை என் ஆயுளுக்கும் மறக்க மாட்டேன். அர்மான் காலையில் எழுந்ததும் பத்திரிகையில் மரணச் செய்திப் பக்கத்தைத்தான் திறப்பார். ஒரு பாட்டுக்காரர் போனார் என்றால், "பாட்டு மட்டும்தானே? படத்துல நடிச்சாரா?" என்று மாடியிலிருந்து கத்துவார். வயதான நடிகர்களின் பட்டியல் ஒன்றைத் தயார் செய்து குளிர்பதனப் பெட்டியில் ஒட்டினார். பெயர், வயது, நோய். ஒருவர் பனியில் வழுக்கி விழுந்தார் என்று கேள்விப்பட்டதும் மனிதருக்கு மூன்று நாள் சாப்பாடு இறங்கவில்லை.

இருபதாம் தேதி இடி விழுந்தது. தொண்ணூற்று மூன்று வயது மாபெரும் நடிகர் பாஸ்தியன் ரூவேருக்கு நிமோனியா. நாடே கவலைப்பட்டது. அர்மான் பட்ட கவலையில் கால்வாசி இருக்காது. மகளின் ஞானஸ்நானத்துக்குப் பிறகு கோவில் பக்கம் எட்டிப் பார்க்காத, பாதிரியைக் கண்டால் தெரு மாறி நடக்கிற மனிதர், மாதாவுக்கு மெழுகுவத்தி ஏற்றினார். தினமும் இரண்டு மெட்ரோ மாறி ஆஸ்பத்திரிக்குப் போய் வரவேற்பில் விசாரித்தார். சொந்தக்காரரா என்று கேட்டார்கள். "இல்லம்மா, அவர் நல்லா இருக்கணும், அவ்வளவுதான்" என்றிருக்கிறார். அந்தப் பெண் அழுதுவிட்டதாம். நாலாம் நாள் கோழி சூப் வைத்து எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

"அண்ணே, அவருக்குக் குழாயில போகுது. சூப் எதுக்கு?"

"குழாய எடுத்தா குடிக்கட்டும். நீ வாய மூடிக்கிட்டு வா."

போனோம். அவரைப் பார்க்க விடவில்லை. சூப்பை நர்ஸ் குடித்தாள். என்ன மாயமோ, பிப்ரவரி முதல் வாரத்தில் ரூவேர் எழுந்து உட்கார்ந்து ஷாம்பேன் கேட்டார். தெரியாத ஒரு சினிமாக்காரர் பிழைத்ததற்காக அர்மான் படிக்கட்டில் உட்கார்ந்து அழுதார். அவர் தோளைப் பிடித்துக்கொண்டு நானும் அழுதேன். என்ன மாதிரிக் கட்டடத்துக்குள் நாங்கள் மாட்டிக்கொண்டோம் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. செத்த பெண்டாட்டிக்கு மூன்று வினாடி வாங்க ஒரு மனிதன் ஊரிலுள்ள கிழவர்களையெல்லாம் உயிரோடு வைத்திருக்க வேண்டியிருக்கிறது.

விழாவுக்கு இரண்டு அழைப்பு அனுப்பினார்கள். மூன்றாவது பால்கனி, கடைசிக்கு முந்தின வரிசை. அந்த ஆண்டு இடம் பிடிக்கும் வேலையை வேறு ஒருவனிடம் கொடுத்துவிட்டு நானும் போனேன். அர்மான் மகளின் கல்யாணத்துக்குத் தைத்த கறுப்புக் கோட்டைப் போட்டிருந்தார். ஒதில் தைத்துக் கொடுத்தது. மதியத்திலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லை. ரொட்டியில் வெண்ணெய் தடவிக் கொடுத்தேன், பையில் வைத்துக்கொண்டார்.

எதிரில் இருந்தவர்களின் தலை மறைக்கிறதா என்று முதலில் பார்த்தோம். மறைக்கவில்லை. திரை முழுசாகத் தெரிந்தது. "நல்ல இடம்டா" என்றார். கையிரண்டையும் முழங்காலில் வைத்து நிமிர்ந்து உட்கார்ந்துகொண்டார்.

விருதுகள் போய்க்கொண்டே இருந்தன. சக்கர நாற்காலியில் வந்த ரூவேருக்கு, உயிரோடு இருப்பதற்காக, எல்லாரும் கைதட்டினார்கள். அர்மான்தான் அதிகமாகத் தட்டியிருப்பார். பிறகு விளக்குகளை மங்கலாக்கினார்கள். மாமன்றத் தலைவர் ஒக்தாவ் ப்ரேஷார் மேடைக்கு வந்தார். குரலில் எண்ணெய் தடவிய மனிதர்.

"நண்பர்களே! சினிமா என்பது கண்ணுக்குத் தெரியாத கைகளின் கலை. அந்தக் கைகளை நாம் பார்த்ததில்லை. அவர்களின் பெயர்களை நாம் கேட்டதில்லை. கேட்க முயன்றதும் இல்லை. ஏனென்றால் அந்த எளிய மனிதர்களின் அடக்கத்தை நாம் மதிக்கிறோம்! அவர்கள் மறைவில் வாழ்ந்தார்கள். அந்த மறைவை நாம் கண்ணும் கருத்துமாகக் காப்பாற்றினோம். இன்று மூன்றே மூன்று வினாடிகள் அதை மீறப்போகிறோம். அவர்கள் நம்மை மன்னிப்பார்களாக!"

கீழே ஒரு மந்திரி கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

பியானோ வாசித்தார்கள். கதவுகளைச் சாத்தினார்கள். ஆயிரத்து அறுநூறு பேர் அசையாமல் உட்கார்ந்திருந்தார்கள். ஒரு இருமல் இல்லை. முதல் வகுப்பு போனது, கைதட்டல். இரண்டாம் வகுப்பு போனது, அங்கங்கே. மூன்றாம் வகுப்பு ஆரம்பித்ததும் அர்மான் என் கையைப் பிடித்தார். நாற்பது வருடம் இரும்புக் கம்பி இழுத்த கை, வலித்தது. இருபத்திரண்டு. இருபத்து மூன்று.

திரையில் வெள்ளை எழுத்தில் ஒதில் தெலோர்ம், காஸ்ட்யூமர் என்று வந்தது.

"வந்துடுச்சு" என்றார் அர்மான். சின்னக் குரலில், லிப்ட் வந்துவிட்டது என்று சொல்வது போலச் சொன்னார்.

பெயருக்கு மேலே, இருபதடி உயரத்துக்கு, காற்றில் பறக்கும் முக்காட்டோடு கிளாரிஸ் வல்ரோயின் முகம் இருந்தது. யார் முக்கியம் என்று படப்பிரிவுக்குத் தெரிந்திருக்கிறது. கூடுதலாக இருந்த ஒருத்தரை ஓரத்தோடு வெட்டி எறிந்துவிட்டார்கள்.

ஒரு வினாடிதான் அமைதி. முதல் வரிசையில், இரண்டு பேருக்கு விருது கொடுத்துவிட்டு வந்து உட்கார்ந்திருந்த கிளாரிஸ் வல்ரோய் துள்ளி எழுந்தார். "ஐயையோ! நான் உயிரோடதான் இருக்கேன்! யாருடா அது என்னச் சாகடிச்சது?"

அவ்வளவுதான். அவரைப் பார்க்க முதல் வரிசை எழுந்தது. முதல் வரிசையைப் பார்க்க இரண்டாவது வரிசை. அப்படியே அலை அலையாக, கீழ்த்தளம், முதல் பால்கனி, இரண்டாவது பால்கனி. எங்கள் முன்னால் இருந்த நெட்டையன் எழுந்து கோட்டை உதறினான். கோட்டுக்குப் பின்னால் திரை போய்விட்டது.

"உக்காருங்க" என்றார் அர்மான். எழுந்திருக்கவில்லை அவர். "உக்காருங்க ஐயா. கொஞ்சம் உக்காருங்களேன். ஒரே நிமிஷம்."

யார் காதில் விழும்? கழுத்தை நீட்டினார். இடதுபக்கம் சாய்ந்தார், வலதுபக்கம் சாய்ந்தார். நான் அந்த நெட்டையனின் தோளைப் பிடித்து அழுத்தினேன், முப்பது வருடம் தெருவில் கற்ற கெட்ட வார்த்தை முழுவதையும் சொன்னேன். அவன் திரும்பிப் பார்ப்பதற்குள் திரை கறுப்பாகிவிட்டது.

ஒரு வினாடி ஒதில் கிடைத்தார். இரண்டு வினாடி கோட்டு.

கிளாரிஸ் வல்ரோய் உயிரோடு இருப்பதற்காக நாலரை நிமிடம் எழுந்து நின்று கைதட்டினார்கள். தலைவர் ப்ரேஷார் ஓடி வந்து அவர் கையை முத்தமிட்டு, "மரணத்தையே வென்ற மகத்தான கலைஞர்!" என்று முழங்கினார். அந்த நாலரை நிமிடமும் அர்மான் உட்கார்ந்தே இருந்தார். பால்கனி முழுக்க நிற்கிறது, நடுவில் அவர் ஒருவர் மட்டும், கையிரண்டையும் முழங்காலில் வைத்துக்கொண்டு.

மெட்ரோவில் திரும்பும்போது பையிலிருந்த ரொட்டியை எடுத்துப் பாதியை என்னிடம் கொடுத்தார். "எழுத்து நல்லாப் பெரிசா இருந்துச்சு, பாத்தியா?" என்றார்.

மறுநாள் நாடு முழுக்க இதே பேச்சு. மாமன்றம் அவசரமாகக் கூடியது. விழாவின் பதிவிலிருந்து அந்த மூன்று வினாடியை வெட்டி எடுத்தார்கள். வருத்தம் தெரிவித்து அறிக்கை விட்டார்கள், கிளாரிஸ் வல்ரோயிடம். மலர்க்கொத்து அனுப்பினார்கள், கிளாரிஸ் வல்ரோய்க்கு. அறிக்கையில் ஒதில் பெயர் ஓர் இடத்தில் மட்டும் வந்தது. 'பிழையாகக் காட்டப்பட்ட பெயர்' என்று.

மார்ச் இரண்டாம் வாரம் அர்மான் என் கதவைத் தட்டினார். கையில் மாமன்றத்தின் முத்திரை போட்ட கனமான உறை. மேலே 'மதாம் ஒதில் தெலோர்ம் அவர்களுக்கு' என்று எழுதியிருந்தது.

"கண்ணாடிய எங்கயோ வெச்சிட்டேன். படி" என்றார். கண்ணாடி அவர் சட்டைப் பையில் இருந்தது.

படித்தேன். "அம்மையீர், கடந்த விழாவில் தாங்கள் இறந்துவிட்டதாகத் தவறுதலாகக் காட்டப்பட்டது. தீர விசாரித்ததில், காட்டப்பட்டவர் உயிருடனும் நலமுடனும் இருப்பது ஐயமின்றி உறுதியாகி, பொதுக்குழுவில் ஏகமனதாகத் தீர்மானம் நிறைவேறியுள்ளது. தங்களுக்கு ஏற்பட்ட மனவேதனைக்கு மாமன்றம் தங்களிடம் மன்னிப்புக் கோருகிறது. அடுத்த ஆண்டு விழாவில் தாங்கள் நேரில் வந்து சிறப்பிக்க வேண்டுகிறோம். பதில் அட்டை இணைக்கப்பட்டுள்ளது."

எனக்குக் கோபம் உச்சந்தலை வரை ஏறியது. அவர் எதிரிலேயே மதாம் குர்னேவுக்குப் போன் போட்டுக் கத்தினேன். அவர் பொறுமையாகக் கேட்டார்.

"தீர்மானம் போட்டாச்சு மிஸ்யே. இறந்துட்டாங்கன்னு நீங்க திருத்தணும்னா பொதுக்குழு மறுபடி கூடணும், புதுசா விண்ணப்பம் வேணும். ஆனா போன வருஷ இறப்பு இந்த வருஷம் செல்லாது. என்னக் கேட்டா, அப்படியே விட்டுடுங்க. உயிரோட இருக்கிறதுல அவங்களுக்கு என்ன நஷ்டம்?"

போனை வைத்தேன். "வாங்கண்ணே, நேர்ல போவோம். அந்தம்மா மேசையக் கவுத்துட்டு வரேன். எல்லா இடத்துலயும் லாரியக் கொண்டாந்து நிறுத்தறேன், ஒருத்தனும் வெளிய போக முடியாது" என்று சட்டையை மாட்டினேன்.

"உக்காருடா கூம்பு."

உட்கார்ந்தேன்.

"திருத்தச் சொல்ல வேணாம்" என்றார் அர்மான். "பேங்குக்காரன் செத்துட்டான்னு எழுதிட்டான். பென்சன் ஆபீஸ் எழுதிடுச்சு. நகராட்சியில ரெண்டு தடவ எழுதிக் குடுத்துட்டான். இவனுங்க மட்டுந்தான் இல்லங்கிறானுங்க. இருந்துட்டுப் போகட்டும். அந்த வரிய மட்டும் இன்னொரு தடவ படி."

"எந்த வரி?"

"உயிருடனும் நலமுடனும்."

படித்தேன். கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். இன்னொரு தடவை என்றார். மூன்றாவது தடவை என்னால் முடியவில்லை, பாதியில் குரல் உடைந்து அப்படியே நிறுத்திவிட்டேன். அவர் மேசையில் தலையை வைத்துக்கொண்டு அழுதார். ஆஸ்பத்திரியில் அழவில்லை, அடக்கத்தில் அழவில்லை. அன்றைக்கு, என் சமையலறையில், பக்கத்து வீட்டுக்குக் கேட்கும்படி அழுதார்.

அப்புறம் முகத்தைத் துடைத்துக்கொண்டு, சட்டைப் பையிலிருந்து கண்ணாடியை எடுத்து மாட்டி, பதில் அட்டையைத் தன் பக்கம் இழுத்தார். கலந்துகொள்கிறேன், கலந்துகொள்ள இயலவில்லை என்று இரண்டு கட்டம். இரண்டாவதில் குறி போட்டார். கீழே காரணம் என்று ஒரு கோடு. லிப்டில் பழுதுச் சீட்டு எழுதுவதுபோல, அழுத்தமான பெரிய எழுத்தில் எழுதினார்.

'படப்பிடிப்பில் இருக்கிறார். எப்போது முடியும் என்று தெரியாது.'

"சரியா இருக்கா?" என்றார்.

"சரியா இருக்குண்ணே."

இழுப்பறையில் தேடி ஒரு தபால் தலையை எடுத்து நான்தான் ஒட்டினேன்.